துணிமூட்டைக்குக் காவல்

செங்கோட்டைப் பக்கமிருந்து காற்று திரும்பிவிட்டால் தென்காசியைச் சுற்றியுள்ள ஊர்களில் ஒரே பேச்சுதான்: "குத்தாலத்துல தண்ணி எப்படி விழுது?" மேற்கு மலை செங்கோட்டைக் கணவாயில் கொஞ்சம் தாழ்ந்து வழிவிடுகிறது. கேரளத்தில் கொட்டுகிற தென்மேற்குப் பருவமழை அந்த இடைவெளி வழியாக நமக்கும் சாரலை அனுப்புகிறது. ஆனியிலும் ஆடியிலும் மீதித் தமிழ்நாடு காய்ந்துகொண்டிருக்கும்போது இங்கே வானம் மூடி, நின்று நின்று தூறிக்கொண்டிருக்கும். பேரருவி, ஐந்தருவி, பழைய குற்றாலம், புலியருவி, சிற்றருவி என்று ஒரே நாளில் போய்க் குளித்துவிட்டு இரவுக்குள் வீடு திரும்பிவிடலாம். திருநெல்வேலியில் செங்கோட்டை ரயிலைப் பிடித்தால் தென்காசி. அங்கிருந்து டவுன் பஸ்ஸில் ஐந்து கிலோமீட்டர். தண்ணீருக்கடியில் நிற்கக் கட்டணம் கிடையாது. காரில் வந்தவரும் பஸ்ஸில் வந்தவரும் ஒரே பாறையில் தோளோடு தோள் நின்று நனைகிற இடம் நம் நாட்டில் வேறு எத்தனை இருக்கிறது? இவ்வளவு நல்ல இடம் என்பதனால்தான் எனக்கு இவ்வளவு ஆதங்கம்.

குடும்பத்தோடு குற்றாலம் போனவர்கள் ஒன்றைக் கவனித்துப் பாருங்கள். வேனிலிருந்து இறங்கியதும் ஆண்கள் துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டு அருவியைப் பார்க்க நடந்துவிடுவார்கள். பையன்கள் அவர்கள் பின்னால் ஓடுவார்கள். கழற்றிப்போட்ட சட்டை, பேன்ட், செல்போன், மணிபர்ஸ், வண்டிச் சாவி, மாற்றுத்துணிப் பை, புளியோதரைத் தூக்கு எல்லாம் ஒரு திட்டில் குவியும். அந்தக் குவியலுக்குப் பக்கத்தில் ஒரு பெண் உட்கார்ந்திருப்பாள். மடியில் ஒரு கைக்குழந்தையும் இருக்கும். "நீ பாத்துக்கிட்டு இரு, நாங்க சீக்கிரம் வந்திருதோம்" என்று சொல்லிவிட்டுப் போனவர்கள் கண் சிவந்து, உதடு நடுங்கி, ஆசை தீர நனைந்துதான் திரும்புவார்கள். அதற்குள் குரங்கு ஒருமுறை பையைப் பறிக்கப் பார்த்திருக்கும். அவள் எழுந்து குளிக்கப் போகலாம் என்னும்போது பிள்ளைகளுக்குப் பசி வந்துவிடும். அடுத்து ஐந்தருவி போகவேண்டும், வண்டிக்காரர் நேரமாகிறது என்கிறார். "அங்க போய் நீ குளிச்சுக்கோ" என்பார்கள். அங்கேயும் இதே திட்டு, இதே குவியல். குற்றாலத்துக்கு வந்தும் தலை நனையாமல் திரும்புகிற பெண்களை ஒவ்வொரு சீசனிலும் பார்க்கிறேன். நானும் அப்படித் திரும்பியிருக்கிறேன்.

பொருள் வைக்க ஒரு அறை, கையில் ஒரு டோக்கன். இது அவ்வளவு பெரிய காரியமா? திருச்செந்தூரில் கோயிலுக்குள் செல்போன் கூடாது என்று 2022இல் முடிவானபோது, போனை வாங்கி வைத்து டோக்கன் கொடுக்கிற ஏற்பாடு வந்துவிட்டது. அத்தனை ஆயிரம் பேரின் போனைப் பத்திரமாக வைத்துத் திருப்பிக் கொடுக்க முடிகிறது. அருவிக்கரையில் மட்டும் ஏன் ஒவ்வொரு குடும்பமும் ஒரு மனுஷியைக் காவலுக்கு விட்டுவைக்க வேண்டும்? தனியாக வரும் பெண்கள் பக்கத்தில் இருக்கிற முன்பின் தெரியாதவளிடம் கெஞ்சுகிறார்கள். "எக்கா, செத்தப் பாத்துக்கிடுங்க, ரெண்டு நிமிஷம் தலைய நனைச்சிட்டு ஓடியாந்திருதேன்." அவளும் மறுக்கமாட்டாள். அந்த நல்ல மனசை நம்பித்தான் எங்கள் குளியல் நடக்கிறது.

பெண்கள் குளிக்கத் தனி இடம் பிரித்துக் கம்பி போட்டிருக்கிறார்கள். நல்ல ஏற்பாடு, குறை சொல்லமாட்டேன். குளித்து முடித்த பிறகுதான் சங்கடம். நாங்கள் போட்ட துணியோடு குளிக்கிறவர்கள். சுடிதாரோ சேலையோ நைட்டியோ, சொட்டச் சொட்ட வெளியே வருகிறோம். சாரல் காற்று எலும்பில் ஏறுகிறது. உடை மாற்றும் அறைக்கு முன்னால் வரிசை. உள்ளே போனால் தரையெல்லாம் சேறும் ஊறிய துணியும். மாற்றுத்துணியைத் தொங்கவிடச் சுவரில் ஒரு கொக்கி இருக்காது. ஈரத்தைக் கழற்ற ஒரு கை, காய்ந்ததைப் பிடிக்க ஒரு கை, தாழ்ப்பாள் சரியில்லாத கதவைச் சாத்திப் பிடிக்க ஒரு கை வேண்டும். இந்த மூன்றாவது கைக்காக மகளை வெளியே காவல் நிறுத்தவேண்டியிருக்கிறது. 2024 டிசம்பரில் ராமேசுவரம் அக்னி தீர்த்தக் கரையில் தனியார் உடை மாற்றும் அறையில் ரகசியக் கேமரா பிடிபட்டது. அந்தச் செய்தியைப் படித்த பிறகு எந்த ஊர் அறைக்குள் நுழைந்தாலும் பெண்களின் கண் முதலில் மேல்மூலைக்குத்தான் போகிறது. அதனால் பலர் உடை மாற்றுவதையே விட்டுவிடுகிறார்கள். ஈரத்தோடு வேனில் ஏறி, சீட்டில் பிளாஸ்டிக் விரிப்பைப் போட்டு, ஊர் வரைக்கும் நடுங்கிக்கொண்டே வருகிறார்கள். மறுநாள் சளியும் காய்ச்சலும் வந்தால், "உனக்குத் தண்ணி ஒத்துக்கலை" என்று வீட்டில் சொல்லிவிடுவார்கள்.

கழிப்பறையைப் பற்றி எழுதக் கூச்சப்பட்டுக் கூச்சப்பட்டுத்தான் அது இப்படியே கிடக்கிறது, எழுதிவிடுகிறேன். சீசன் ஞாயிற்றுக்கிழமையில் கூட்டம் பல மடங்கு ஏறும். கழிப்பறைகள் அதே எண்ணிக்கையில்தான் இருக்கும். காசு கொடுத்துப் போகிற இடத்திலும் வாளியில் தண்ணீர் இருக்காது. அருவி கொட்டுகிற ஊரில் கழிப்பறையில் தண்ணீர் இல்லை என்று யாரிடம் போய்ச் சொல்வது? மாதவிலக்கு வந்துவிட்ட பிள்ளைக்கு நாப்கின் போட ஒரு மூடிபோட்ட தொட்டி இல்லை. பயண நாளில் காலையிலிருந்து தண்ணீர் குடிக்காமலே சமாளிக்கிற வித்தையை நம் வீட்டுப் பெண்கள் பத்து வயதிலேயே கற்றுக்கொண்டுவிடுகிறார்கள்.

வயதானவர்களின் நிலை இதைவிடக் கஷ்டம். குற்றாலத் தண்ணீர் மூலிகைக் காட்டைத் தழுவி வருகிற தண்ணீர், உடம்புக்கு நல்லது என்று நம்புகிற தலைமுறை அது. என் மாமியாருக்கு முழங்கால் தேய்மானம். நேராக விழுகிற தண்ணீருக்கடியில் நிற்க முடியாது. அதை அவர்களும் கேட்கவில்லை. "சாரல் அடிக்கிற எடத்துல செத்த நேரம் உக்காரணும் தாயி, அவ்வளவுதான்" என்றார்கள். அந்தச் சாரல் எட்டுகிற தூரத்தில் உட்கார ஒரு பெஞ்சு இல்லை. ஈரப் படியில் இறங்கப் பிடிமானம் போதவில்லை. முதியவர்கள் ஒரு பத்துப்பேர் வரிசையாக உட்கார்ந்து நனைகிற மாதிரி ஒரு திண்ணை கட்டி, அதற்கு ஒரு கைப்பிடிச் சரிவு அமைத்தால் எத்தனை வீட்டுப் பெரியவர்கள் வருவார்கள்! இப்போது பலரும் அவர்களை வண்டியிலேயே உட்கார வைத்துவிட்டு, கண்ணாடியை இறக்கி, "இங்கருந்தே தெரியுதுல்லா?" என்று கேட்டுவிட்டுப் போகிறார்கள்.

பொறுப்பில் இருப்பவர்களை மட்டும் நான் குறை சொல்லவில்லை. சோப்பு, ஷாம்பு, எண்ணெய் தேய்த்து அருவியில் குளிக்கக் கூடாது என்று உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை தடை போட்டும் நாம் கேட்பதில்லை. உடம்பெல்லாம் எண்ணெய் பூசிக்கொண்டு வந்து நிற்கிறார்கள். பாறை வழுக்குகிறது, பின்னால் வருகிற பிள்ளை விழுகிறது. பெண்கள் பகுதியில் ஷாம்பு பாக்கெட்டைப் பல்லால் கடித்துப் பிரித்துக் காலடியில் போடுகிற அக்காமாரையும் நான் பார்த்துக்கொண்டுதான் இருக்கிறேன். இந்தத் தண்ணீர் சிற்றாறாக ஓடி, வழியெல்லாம் வயல்களுக்குப் பாய்ந்து, கடைசியில் தாமிரபரணியில் கலக்கிறது. நம் நுரையும் அதோடு சேர்ந்து போகிறது. பாட்டிலோடு வருகிறவர்கள் கண்ணாடியை உடைத்துப்போட்ட இடத்தில்தான் அடுத்த குடும்பத்துக் குழந்தை வெறுங்காலோடு நடக்கிறது. சீசனுக்குக் குடித்துவிட்டு வந்தால்தான் குளியல் என்று ஒரு பழக்கம் வளர்ந்திருக்கிறது. அப்படி ஒரு கும்பல் வழியில் நின்றால் வயசுப்பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு வந்தவர்கள் அருவிப் பக்கமே போகாமல் வண்டியைத் திருப்புகிறார்கள்.

குளிக்கத் தடை என்று கம்பியைச் சாத்துகிறார்களே, அதைப் பற்றியும் சொல்லவேண்டும். தடை தேவை. 2024 மே 17 அன்று பழைய குற்றாலத்தில் திடீரென்று வெள்ளம் வந்து 17 வயதுப் பையன் ஒருவனை அடித்துக்கொண்டு போய்விட்டது. மழை பெய்வது மலைமேலே. கீழே நிற்கிற நமக்கு வானம் தெளிவாகக்கூட இருக்கும். வெள்ளம் சொல்லிக்கொண்டு வராது. ஆகவே காவலர்கள் விசில் ஊதினால் வாக்குவாதம் செய்யாமல் வெளியே வரவேண்டும். என் கேள்வி, அந்தத் தடையை எங்கே சொல்கிறார்கள் என்பதுதான். விடியக்காலையில் எழுந்து, சோறு கட்டி, ரயில் பிடித்து, பிள்ளைகளின் ஆட்டம் பாட்டத்தோடு வந்து இறங்கியவர்களுக்கு அருவி முன்னால் வந்த பிறகுதான் தெரிகிறது. தென்காசி ரயில் நிலையத்திலும் பேருந்து நிலையத்திலும் எந்த அருவியில் குளிக்கலாம், எதில் கூடாது என்று பார்த்தவுடன் தெரிகிற இடத்தில் ஒரு பலகை வைத்து, மணிக்கொருமுறை மாற்றினால் என்ன?

அதே பலகையில் இன்னொன்றையும் எழுதலாம்: அருவி மூடியிருந்தால் வேறு எங்கே போகலாம் என்று. பேரருவிக்குப் பக்கத்திலேயே குற்றாலநாதர் கோயில். அதைச் சேர்ந்த சித்திரசபை, நடராசரின் ஐந்து சபைகளில் ஒன்று. அங்கே கூத்தன் சுவரில் ஓவியமாக நிற்கிறான். பிள்ளைகளுக்கு ஒரு மணி நேரம் காட்டிச் சொல்லலாம். எத்தனை பேர் எட்டிப் பார்க்கிறார்கள்? தென்காசியில் காசிவிசுவநாதர் கோயில் கோபுர வாசலில் காற்று ஆளைத் தள்ளும். அதற்காகவே குழந்தைகள் திரும்பத் திரும்ப உள்ளே போய் வெளியே வருவார்கள். பண்பொழித் திருமலை முருகன் கோயிலுக்கு வண்டி மேலேயே போகும். முழங்கால் வலிக்காரர்களும் குன்றின்மேல் நின்று சுற்றிலும் பச்சை வயலைப் பார்க்கலாம். ஆனால் தடை என்றதும் நமக்குத் தெரிகிற ஒரே வழி பரோட்டாக் கடை. சாப்பிட்டு, மங்குஸ்தான் ரெண்டு கிலோ வாங்கிக்கொண்டு, முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு ஊருக்குத் திரும்புகிறோம்.

தென்காசிக்குப் பக்கத்தில் இருக்கிற சுந்தரபாண்டியபுரத்துக்குப் போகிறவர்களைப் பற்றிச் சொன்னால் இன்னும் மனசு வலிக்கும். சீசன் சமயத்தில் அங்கே சூரியகாந்தி பூத்து வயல் முழுக்க மஞ்சளாக நிற்கும். கேரளத்திலிருந்தும் குடும்பம் குடும்பமாக வருகிறார்கள். வரப்பில் நின்று பார்த்தால் போதாதா? செடிகளை விலக்கி நடுவயலுக்குள் இறங்கி, பூவைத் திருகிப் பிள்ளை தலைக்குப் பக்கத்தில் வைத்துப் போட்டோ எடுக்கிறார்கள். அது எண்ணெய் வித்துக்காகப் போட்ட வெள்ளாமை. ஒரு பூ போனால் அந்தத் தலை நிறைய விதை போகிறது. ஒரு பெரியவர் வரப்பில் நின்று, "மக்கா, மிதிக்காதிய, கடன் வாங்கிப் போட்டிருக்கேன்" என்று சொல்லிக்கொண்டே இருந்தார். அவரையும் சேர்த்துப் போட்டோ எடுத்துவிட்டு நகர்ந்தார்கள்.

2021இலிருந்து சாதாரண டவுன் பஸ்களில் பெண்களுக்குக் கட்டணம் இல்லை. அதற்குப் பிறகு தென்காசிச் சுற்றுக் கிராமங்களிலிருந்து பீடி சுற்றுகிறவர்களும் வயல்வேலைக்குப் போகிறவர்களும் ஆம்பிளைத் துணை இல்லாமல் நாலைந்து பேராகச் சேர்ந்து குற்றாலம் வருவதைப் பார்க்கிறேன். பார்க்கவே சந்தோஷமாக இருக்கிறது. ஒரு நாள் கூலியை விட்டுவிட்டு வருகிறார்கள். பஸ் அவர்களை அருவிக்குப் பக்கம் வரை கொண்டுவந்து விட்டுவிடுகிறது. அங்கிருந்து மேலே அவர்களுக்காக யாரும் எதையும் யோசித்து வைக்கவில்லை. ஒருத்தி மாற்றி ஒருத்தி பைக்குக் காவல் இருந்து, ஈரத்தோடேயே திரும்ப பஸ் ஏறுகிறார்கள்.

சீசனில் அரசு சாரல் விழா நடத்துகிறது. மேடை, பாட்டு, கோலப்போட்டி எல்லாம் நடக்கட்டும், வேண்டாம் என்று சொல்லவில்லை. அந்த மேடைக்குப் போடுகிற விளக்கில் நாலைப் பெண்கள் உடை மாற்றும் அறைக்குப் போகிற பாதையில் போடச் சொல்லுங்கள். வண்டி நிறுத்த வாங்குகிற கட்டணத்திலிருந்து அறைக்குள் ஒரு மரப்பலகை, ஒவ்வொரு தடுப்பிலும் நாலு கொக்கி, உறுதியான தாழ்ப்பாள். ஒரு தச்சரும் ஒரு கையாளும் இருந்தால் ஓரிரு நாளில் முடிகிற வேலை. ஆடி பிறக்க இன்னும் நாள் இருக்கிறது.