படம் பார்த்து நோய் சொல்லலாமா?

தமிழ்ப்பள்ளியில் பயின்ற அனைவருக்கும் 'படம் பார்த்துக் கதை சொல்' என்ற பயிற்சி நினைவிருக்கும். முதுகுவலி விஷயத்தில் நம் சமுதாயத்தில் பலர் இன்று அதைத்தான் செய்து வருகின்றனர். வலி வந்த மறுவாரமே எம்.ஆர்.ஐ. ஸ்கேன் எடுக்க ஓடுகிறோம். படத்தில் எது தெரிந்தாலும் அதுவே வலிக்குக் காரணம் என்று முடிவு கட்டிவிடுகிறோம். இந்தப் போக்கு சரிதானா?

முதுகெலும்புகளுக்கு இடையில் மெத்தைபோல் இருப்பவை வட்டுகள். இவற்றையே நாம் 'டிஸ்க்' என்கிறோம். நடுவில் நீர் நிறைந்த கூழும் அதைச் சுற்றி வலுவான நார் வளையமும் உள்ளன. வயது ஏற ஏற நீர் வற்றும்; வட்டின் உயரம் குறையும்; ஓரம் புடைக்கும். எம்.ஆர்.ஐ. இவற்றையெல்லாம் துல்லியமாகக் காட்டும். ஆனால், வலியைக் காட்டாது.

முதுகுவலியே இல்லாத 98 பேரை ஸ்கேன் செய்த அமெரிக்க ஆய்வொன்று 1994-இல் வெளிவந்தது. அவர்களில் 52 விழுக்காட்டினருக்குக் குறைந்தது ஒரு வட்டாவது புடைத்திருந்தது. வலியில்லாத 3,110 பேரின் படங்களைத் தொகுத்து ஆராய்ந்த 2015-ஆம் ஆண்டு ஆய்வின்படி, 20 வயதினரில் 37 விழுக்காட்டினருக்கும் 80 வயதினரில் 96 விழுக்காட்டினருக்கும் வட்டுத் தேய்மானம் காணப்படுகிறது. அப்படியானால் தேய்மானம் என்பது பெரும்பாலும் தலைமுடி நரைப்பதைப் போன்றதே.

"எடுத்துப் பார்ப்பதில் என்ன நட்டம்?" என்று சிலர் கேட்கலாம். பணம் மட்டுமே நட்டமன்று. தேவையற்ற ஊசிக்கும் அறுவைச் சிகிச்சைக்கும் அது வழி திறந்துவிடலாம். அதைவிடப் பெரிய நட்டம் அச்சம். குனியவே பயந்து படுத்துக் கிடப்பவருக்கு வலி நீடிக்கவே செய்யும். இயன்றவரை நடமாடுவதுதான் நல்லது.

இங்குதான் பல்கலைக்கழக மாணவர்களாகிய நம் பொறுப்பு வருகிறது. ஆங்கிலத்தில் வரும் மருத்துவ அறிக்கையைப் பெற்றோருக்குத் தமிழில் விளக்குபவர்கள் பல வீடுகளில் நாம்தாம். "டிஸ்க் நழுவிடுச்சு", "எலும்பு தேஞ்சுபோச்சு" என்று ஒரே வரியில் சொல்லிவிடுகிறோம். உண்மையில், வட்டு மேலும் கீழும் உள்ள எலும்புகளோடு இறுகப் பிணைந்தது, அது நழுவுவதில்லை. உள்ளிருக்கும் கூழின் ஒரு பகுதி வெளியே பிதுங்கலாம். அதுவும் பலருக்குச் சில மாதங்களில் தானாகவே சுருங்கிவிடுகிறது. இதையும் சேர்த்துச் சொல்வதே நேர்மையான மொழிபெயர்ப்பாகும். செம்பனைக் குலை தூக்கி உழைத்த தந்தையிடம் "உங்கள் முதுகு போய்விட்டது" என்று சொல்ல நமக்கு உரிமையில்லை.

ஸ்கேனே வேண்டாம் என்பது என் வாதமன்று. சிறுநீர், மலம் கட்டுப்பாடின்றிப் போதல் அல்லது சிறுநீர் கழிக்க முடியாமை, தொடை இடுக்கில் மரத்துப்போதல், கால் பலவீனம் அதிகரித்தல் ஆகியவை தோன்றினால் உடனே மருத்துவமனைக்கு விரைய வேண்டும். முதுகுவலியோடு காய்ச்சல், காரணமின்றி உடல் மெலிதல், முன்பு புற்றுநோய் கண்டிருத்தல், பலத்த அடி ஆகியவற்றில் ஏதேனும் இருந்தாலும் தாமதிக்கலாகாது. இத்தகைய அறிகுறிகள் இல்லாத வலிக்கு, முதல் ஆறு வாரங்களில் பொதுவாகப் படம் தேவையில்லை என்பதே மருத்துவ வழிகாட்டிகளின் நிலைப்பாடு.

ஆகவே, அடுத்த முறை பெற்றோருடன் மருத்துவரைக் காணச் செல்லும்போது ஒரு கேள்வியை மறவாமல் கேளுங்கள்: "டாக்டர், இந்தப் படம் எடுப்பதால் சிகிச்சை மாறுமா?" மாறாது என்றால், அந்தப் பணம் வீட்டிலேயே இருக்கட்டும்.