ஐயம் ஒரு துளி. முடக்கம் முழுக் கிணறு!

உழைத்து ஈட்டிய பொருளைப் பிறர் கையில் ஒப்படைப்பவன், கேட்ட பொழுதில் அது திரும்ப வரும் என்னும் நம்பிக்கையினாலேயே ஒப்படைக்கின்றான். வைப்பகத் தொழில் முழுமையும் நிற்பது இந்த ஒற்றைத் தூணின் மேல்தான். வைப்பகம் கடன்பட்டது; பணம் போட்டவனே கடன் கொடுத்தவன். இதனை 1848-ஆம் ஆண்டிலேயே ஆங்கில நாட்டுப் பெருமக்கள் அவை ஒரு வழக்கில் நிலைநாட்டி விட்டது. இன்றோ, கடன்பட்ட வைப்பகம் கடன் கொடுத்தவனைப் பார்த்துக் கதவடைக்கின்றது!

ஒரு சிறு துணிக்கடையை எண்ணிப் பாருங்கள். யாரோ ஒருவர் ஆயிரம் உருபாவிற்குச் சேலை வாங்கிக் கைப்பேசி வழியே பணம் செலுத்திப் போகின்றார். அப் பணம், எங்கோ ஒருவரை ஏமாற்றிப் பறித்து நான்கு கை மாறி வந்ததாக இருக்கலாம். வணிகர் அதனை எவ்வாறு அறிவார்? ஏமாந்தவர் 1930 என்னும் எண்ணில் முறையிடுகின்றார். வேற்று மாநிலக் காவல்துறை பணத்தின் தடம் பற்றி வந்து வைப்பகத்திற்கு எழுதுகின்றது. மறுநாள் கடையின் கணக்கு முழுவதும் முடங்கிக் கிடக்கின்றது. ஐயத்திற்குரியது ஆயிரம்; முடங்கியதோ ஐந்து இலக்கம்! நெசவாளிக்குக் கொடுத்த காசோலை திரும்புகின்றது, வேலையாள்களுக்குச் சம்பளமில்லை, கடன் தவணை தவறியதற்கு அதே வைப்பகம் ஒறுப்புக் கட்டணமும் போடுகின்றது!

ஏன் என்று கேட்டால், கிளை மேலாளர் காவல்துறையைக் கைகாட்டுகின்றார். காவல்துறையோ புலனாய்வு முடியவில்லை என்கின்றது. இருவருக்கும் இடையில் ஒரு குடியின் பிழைப்பு நசுங்குகின்றது.

குற்றத்தைத் தடுக்க வேண்டா என்று நாம் கூறவில்லை. முதியோரின் வாழ்நாள் சேமிப்பைக் கொள்ளையிடும் கயவர்களை மடக்க விரைந்து செயற்படத்தான் வேண்டும். வைப்பகக் கணக்கும் காவல்துறை கைப்பற்றத்தக்க உடைமையே என 1999-இல் இந்திய உச்ச முறைமன்றம் தீர்ப்பளித்துள்ளது. ஆனால், கைப்பற்றியதை உடனே குற்றவியல் நடுவருக்குத் தெரிவித்தாக வேண்டும் என்றும் அதே சட்டப் பிரிவு கட்டளையிடுகின்றது. பழைய குற்ற நடைமுறைச் சட்டத்தில் 102-ஆம் பிரிவாக இருந்த அது, 2024 சூலை முதல்நாள் நடப்புக்கு வந்த புதிய சட்டத்தில் 106-ஆம் பிரிவாக நிற்கின்றது. வாளைக் கொடுத்த சட்டமே உறையையும் கொடுத்துள்ளது. உறையை எறிந்துவிட்டு வாளை மட்டும் சுழற்றுவது எவ்வகை முறை?

கணக்கு முடக்கப்பட்டோர் தொடுத்த வழக்குகளில், காவல்துறை குறிப்பிட்ட தொகையளவிற்கே முடக்கம் நிற்க வேண்டும் எனக் கேரள உயர் முறைமன்றம் 2023-இல் வைப்பகங்களுக்கு ஆணையிட்டது. தொகையும் கால அளவும் குறிக்காமல் முழுக் கணக்கையும் முடக்குதல் வணிக உரிமையையும் பிழைப்புரிமையையும் பறிப்பதாகும் எனச் சென்னை உயர் முறைமன்றமும் 2024-இல் உரைத்தது. இத்துணைக்குப் பின்னும் ஒவ்வொரு சிறுகடைக்காரரும் உயர் முறைமன்றப் படியேறித்தான் தம் பணத்தைப் பெறவேண்டுமெனில், வழக்குச் செலவிற்கு எங்கே போவார்? அவர் பணந்தான் முடங்கிக் கிடக்கின்றதே!

இதில் மொழிக்கொடுமை வேறு. வாடிக்கையாளர் பயன்படுத்தும் அச்சுப் படிவங்கள் இந்தி, ஆங்கிலத்தோடு அவ்வவ் வட்டார மொழியிலும் இருக்க வேண்டும் என்பது இரிசர்வு வங்கியே வகுத்த நெறி. படிவத்திற்கு வேண்டிய தாய்மொழி, பிழைப்பையே நிறுத்தும் முடக்க அறிவிப்பிற்கு வேண்டாவா? தமிழ் வணிகருக்குத் தமிழில் எழுதினால் வைப்பகத்தின் எந்தத் தூண் சாய்ந்துவிடும்?

நாம் கேட்பன மூன்றே. ஐயத்திற்குரிய தொகையை மட்டும் நிறுத்துக! யார், எந்த வழக்கில், எவ்வளவு நிறுத்தச் சொன்னார் என்பதை அன்றே தமிழில் எழுத்தாகத் தருக! நடுவருக்குத் தெரிவிக்கப்படாத முடக்கத்தை நீக்குக!

வணிகத் தோழர்களே! ஒவ்வொரு விற்பனைக்கும் பற்றுச்சீட்டு வைத்திருங்கள். அதுவே உங்கள் முதற் சான்று. வைப்பகத்தின் வாய்ச்சொல்லை ஏற்காதீர், எழுத்தில் கேளுங்கள். குற்றவியல் நடுவரிடம் விடுவிப்பு வேண்டுங்கள். தனித்து நின்று கெஞ்சாமல், தெருவணிகர் அனைவரும் திரண்டு சென்று கேளுங்கள். நாம் கேட்பது இரவற் பொருளன்று, நம் வியர்வை!