எழுதினது யாருங்க?

1939-ல் வந்த 'வரவிக்ரயம்' தெலுங்குப் படத்தைப் பற்றிக் கேட்டால், 'பானுமதியோட முதல் படம்' என்பார்கள். அதே வருஷம் வந்த 'மள்ளி பெள்ளி'? 'காஞ்சனமாலா!'

சரி, பலிஜேபல்லி லட்சுமிகாந்தம்? 'யாருங்க அது?'

இரண்டு படத்திலும் நடித்தவர். 'மள்ளி பெள்ளி'க்கு வசனமும் பாட்டும் எழுதியவர். 1881-ல் பிறந்த கவிஞர். சினிமாவுக்கு வரும் முன்பே இவருடைய அரிச்சந்திர நாடகத்தின் மயானக் காட்சிப் பாடல்கள் ஆந்திராவில் ஊர் ஊராய் ஒலித்தன. அப்புறம் அறுபதை நெருங்கும் வயசில் மேக்கப் போட்டுக்கொண்டார். எதற்காக? முதல் படம் வரதட்சணையைச் சாடியது. அடுத்தது விதவை மறுமணம் பேசியது. பழைய காலத்துப் பண்டிதர் ஒருவர் இந்தப் பக்கம் வந்து நின்றது சின்ன விஷயமா? 1942-ல் நம்ம ஜெமினி எடுத்த 'பாலநாகம்மா'விலும் இவர் எழுத்துதான்.

நட்சத்திரங்களைக் கொண்டாடுங்கள், யார் வேண்டாமென்றது? ஆனால், கைதட்டல் வாங்கின வசனம் நடிகர் வாயில் தானாக முளைத்ததா? பி.காம். படித்தவன் சொல்கிறேன்: முதல் போட்டவன் பேரை மறைத்து லாபத்தை மட்டும் காட்டினால் அது கணக்கு இல்லை, மோசடி.

அடுத்த முறை பழைய படம் பார்த்தால், 'யார் நடிச்சது?' என்பதோடு நிறுத்தாதீர்கள். 'எழுதினது யாரு?' என்றும் கேளுங்கள்.