அரசுப் பத்திரம் எப்போது பத்திரம்?

நிலம் விற்ற பணம், ஓய்வு பெறும்போது கைக்கு வந்த பணிக்கொடை, முதிர்ந்த காப்புறுதித் தொகை, அயல்நாட்டிலிருந்து மகன் அனுப்பிய சேமிப்பு - இவற்றுள் ஏதேனும் ஒன்று நம் இல்லங்களில் சில மாதங்கள் தங்கிச் செல்வதுண்டு. உயிர்ப்புப் பெருவிழாவுக்குப் பின் மகளின் திருமணம். அல்லது ஆனி மாதத்தில் கல்லூரிக் கட்டணம். அல்லது வீட்டின் கூரை வேலை. செலவு உறுதி, நாளும் ஏறத்தாழ உறுதி. அதுவரை பணம் எங்கே இருக்கலாம் என்பதே கேள்வி. பங்கு இல்லத்தின் வாயிலில் நின்று இக்கேள்வியைக் கேட்போர் பெருகி வருவதால், இத்திங்கள் இதனையே எடுத்துக்கொள்வோம்.

முதலில் ஒரு கணக்கு. நம்மிடம் எட்டு இலட்ச ரூபாய், ஆறு மாதத்திற்கு உள்ளது என்போம். பாரத ஸ்டேட் வங்கி 2025 ஜூனில் சேமிப்புக் கணக்கு வட்டியை 2.5 சதவீதமாகக் குறைத்தது. அவ்வட்டியில் ஆறு மாதத்திற்குப் பதினாயிரம் ரூபாய் கிடைக்கும். அதே பணம் ஐந்தேகால் சதவீதம் ஈட்டினால் இருபத்தோராயிரம். பதினோராயிரம் ரூபாய் வேறுபாடு நடுத்தரக் குடும்பத்திற்குச் சிறியதன்று, பெறத்தக்கதே. ஆனால் அதற்கும் மேலே இன்னொரு அரை சதவீதம் தருவதாக ஒருவர் சொன்னால், அதனால் வருவது வெறும் இரண்டாயிரம் ரூபாய். அந்த இரண்டாயிரத்தைப் பெறுவதற்காக எட்டு இலட்சத்தை எதன்மேல் நிறுத்துகிறோம் என்பதைப் பார்க்கவேண்டும். யாருக்குக் கடன் கொடுக்கிறோம், எவ்வளவு காலத்திற்குக் கொடுக்கிறோம் என இரண்டே கேள்விகள். இரண்டில் ஒன்றை மட்டும் கேட்டு நின்றுவிடுவோரே மிகுதி.

நாம் அறிந்த குடும்பம் ஒன்று முதற்கேள்வியோடு நின்றது. கணவர் ஓய்வு பெற்ற ஆசிரியர். 2013ஆம் ஆண்டு மே மாதம் எட்டு இலட்சத்தை அரசுப் பத்திரங்களில் மட்டுமே முதலிடும் பரஸ்பர நிதி ஒன்றில் சேர்த்தார். செப்டம்பரில் மகளின் திருமணம். "அரசுக்கே கடன் கொடுக்கிறோம், இதைவிடப் பத்திரமான இடம் ஏது?" என்று முகவர் சொன்னதில் பொய் ஒன்றுமில்லை. ஆனால் அந்நிதி வாங்கி வைத்திருந்தவை பத்தாண்டு, இருபதாண்டு கழித்து முதிரும் பத்திரங்கள். அக்கோடையில் ரூபாயின் மதிப்பு சரிந்தது. அதைத் தாங்கிப் பிடிக்க ரிசர்வ் வங்கி ஜூலை 15 அன்று வங்கிகளுக்கான அவசரக் கடன் வட்டியை ஒரே அடியாக இரண்டு சதவீதம் உயர்த்தியது. மே மாதத்தில் ஏழேகால் சதவீத அளவில் இருந்த பத்தாண்டுப் பத்திர வட்டி, ஆகஸ்டில் ஒன்பதைத் தாண்டிற்று. அவர் பணம் எடுக்கச் சென்றபோது ஏறத்தாழ எழுபதாயிரம் குறைந்திருந்தது. அரசு யாருக்கும் ஒரு காசும் தராமல் நிறுத்தவில்லை. காத்திருக்க முடிந்தவர்களுக்கு அடுத்த ஆண்டில் மதிப்பு மீண்டது. இவருக்கோ மண்டபத்திற்கு முன்பணம் கொடுத்தாயிற்று, ஓலையும் அச்சிட்டாயிற்று. மனைவியின் வளையல்கள் அடகுக்குப் போயின.

இது நிகழக் காரணம் என்ன? பழைய பத்திரம் ஏழு சதவீத வட்டி தருகிறது. கடைவீதிக்குப் புதிதாய் வரும் பத்திரம் எட்டு தருகிறது. அப்படியானால் பழையதை அதே விலைக்கு யார் வாங்குவார்? விலையைக் குறைத்தே விற்கவேண்டும். எத்தனை ஆண்டு அந்தக் குறைந்த வட்டியைப் பொறுத்துக்கொள்ள வேண்டுமோ, அத்தனைக்கு விலை இறங்கும். வட்டி ஒரு சதவீதம் ஏறினால், பத்தாண்டுப் பத்திரம் நூற்றுக்கு ஏறத்தாழ ஏழு ரூபாய் இழக்கும். மூன்று மாதத்தில் முதிர்வது கால் ரூபாய் அளவே இழக்கும். அக்கால் ரூபாயும் முதிர்வு நாளில் நேராகிவிடும். ஆங்கிலேயர் தம் அரசுப் பத்திரங்களைப் பொன்விளிம்புடையவை என்று பெருமையாகச் சொன்னதால் 'கில்ட் ஃபண்டு' என்ற பெயர் வந்தது. விளிம்பு பொன்னாயிருப்பதால் விலை இறங்காது என்று எவரும் உறுதி கூறவில்லை.

இரண்டாம் கேள்வியோடு மட்டும் நின்றவர்களின் கதை வேறு. குறுகிய காலம் என்று நம்பியவர்கள், கடன் வாங்கியவர் யார் என்று பார்க்கவில்லை. ஐ.எல். அண்டு எஃப்.எஸ். என்னும் பெருநிறுவனம் 2018 ஆகஸ்டு வரை மிக உயர்ந்த தரச்சான்று பெற்றிருந்தது. செப்டம்பரில் கடனைத் திருப்ப இயலாமல் நின்றது. அக்குழுமத்தின் தாள்களை வைத்திருந்த சில 'லிக்விட்' நிதிகளின் மதிப்பு ஒரே நாளில் விழுந்தது. 2020 ஏப்ரல் 23 அன்று ஃபிராங்க்ளின் டெம்பிள்டன் நிறுவனம் தன் ஆறு கடன் நிதிகளை மூடிப் பணம் திருப்புவதை நிறுத்தியபோது, 'மிகக் குறுகிய காலம்' என்று பெயர் தாங்கிய நிதியும் அந்த ஆறில் ஒன்று. பணம் பின்னர்த் தவணைகளாக வந்தது; ஆனால் முதல் தவணையே 2021 பிப்ரவரியில்தான். 2020 மே மாதம் மருத்துவமனையில் கட்டவேண்டிய பணத்திற்கு அது எப்படி உதவும்?

அரசுக்கு, அதுவும் சில மாதங்களுக்கு மட்டும் கடன் கொடுப்பதற்கான கருவியே கருவூல உண்டியல். உண்டியல் என்றதும் கோவில் வாசற்பெட்டி நம் நினைவுக்கு வரும். இது வணிகர் வழக்கில் உள்ள உண்டியல், குறித்த நாளில் பணம் தருவதாகச் சொல்லும் சீட்டு. மத்திய அரசு 91, 182, 364 நாள்களுக்கு இவற்றை வெளியிடுகிறது. வட்டி என்று தனியே எதுவுமில்லை. நூறு ரூபாய்ச் சீட்டைக் குறைந்த விலைக்கு விற்று, முதிர்வில் நூறாகத் தருவர். ரூ. 98.70 கொடுத்து வாங்கி 91 நாளில் நூறு பெற்றால் ஆண்டுக் கணக்கில் ஏறத்தாழ ஐந்தேகால் சதவீதம். 2021 நவம்பரில் தொடங்கிய ரிசர்வ் வங்கியின் 'ரீடெய்ல் டைரக்ட்' கணக்கின் வழியே, கட்டணம் ஏதுமின்றி, பத்தாயிரம் ரூபாயிலிருந்து நாமே நேரடியாக ஏலத்தில் கேட்கலாம். செலவு நாள் மாறாது என்போர்க்கு இதுவே நேரிய வழி. மாறக்கூடும் என்போர்க்கு நிதிகள் வசதி; வேண்டியபோது எடுக்கலாம்.

ஆனால் இந்நிதிகளைப் பெயரைக்கொண்டு தேர்வதில் பயனில்லை. 2021 டிசம்பர் முதல் ஒவ்வொரு கடன் நிதியும் ஒன்பது கட்டங்கள் கொண்ட பெட்டியில் தன் இடத்தைக் குறித்துக் காட்டவேண்டும் என்று செபி விதித்தது. ஏ, பி, சி என்பவை கடன் வாங்கியவரால் வரும் இடர். ரோமன் எண்கள் ஒன்று முதல் மூன்று வரை, வட்டி ஏற்ற இறக்கத்தால் வரும் இடர். நாம் மேலே கேட்ட இரு கேள்விகளுக்கும் ஒரே இடத்தில் விடை. சில மாதப் பணத்திற்கு 'ஏ-ஒன்று' என்ற கட்டமே நாம் பரிந்துரைப்பது. அந்த ஆசிரியரின் நிதியைப் போன்றவை இன்று 'ஏ-மூன்று' என்ற கட்டத்தில் நிற்கும். அடமானத்தின்மேல் ஒரு நாள் கடன் கொடுக்கும் 'ஓவர்நைட்' நிதிகளும், பெரும்பாலும் கருவூல உண்டியல்களையே வைத்திருக்கும் சில லிக்விட் நிதிகளும் முதற்கட்டத்திற்கு உரியவை. அதன்பின், நிதி வெளியிடும் இருப்புப் பட்டியலைத் திறந்து, தரம் என்ற பத்தியில் 'சாவரின்' என்று எத்தனை வரிகள் உள்ளன எனப் பாருங்கள். அரசின் தாள் என்று பொருள். தட்டானிடம் நாம் சொல்லும் சவரனும் அதே சொல்லே.

செலவு விகிதத்தையும் பாருங்கள். ஐந்து சதவீத வருவாயில் அரை சதவீதம் போனால் பத்தில் ஒரு பங்கு போயிற்று. ஆதலால் முகவர் இல்லாத 'டைரக்ட்' பிரிவே ஏற்றது. வரிச்சலுகை என்று யாரேனும் சொன்னால் நம்பவேண்டாம்: 2023 ஏப்ரல் 1 முதல் வாங்கிய இத்தகைய நிதிகளின் ஆதாயம் அவரவர் வருமான வரி விகிதத்திலேயே சேர்கிறது.

ஐம்பதாயிரத்துக்கு உட்பட்ட தொகைக்கு இத்தனை பாடு வேண்டியதில்லை. சேமிப்புக் கணக்கிலேயே இருக்கட்டும். கணினிப் பழக்கமில்லாத முதியோருக்கு வங்கியின் ஆறுமாத வைப்பே போதும். 2020 பிப்ரவரி 4 முதல் வைப்புக் காப்பீடு ஒரு வங்கியில் ஒருவருக்கு ஐந்து இலட்சம் என்பதால், எட்டு இலட்சத்தை இரண்டு வங்கிகளில் பிரித்து வைக்கலாம்.

நிதியில் சேர்ப்போர், எடுக்கும் நாளையும் எண்ணிக்கொள்ளுங்கள். விண்ணப்பித்த மறு வேலைநாளில்தான் பணம் வரும். சனி, ஞாயிறும் பண்டிகையும் குறுக்கிட்டால் நான்கு நாள் தள்ளிப்போகும். மண்டபக்காரர் அதற்குக் காத்திருக்கமாட்டார். லிக்விட் நிதியில் சேர்த்த ஏழு நாளுக்குள் எடுத்தால் சிறு பிடித்தமும் உண்டு. கணக்கைக் கணவன் மனைவி இருவர் பெயரிலும் தொடங்கி, நியமனதாரர் பெயரையும் அன்றே எழுதிவிடுங்கள். கைப்பேசிக்கு வரும் கடவு எண் யார் எண்ணுக்கு வருகிறது என்பது இருவருக்கும் தெரிந்திருக்கட்டும்.