படைவீட்டிலிருந்து பாடசாலைக்கு: ஒரு சிப்பாயின் வரவுக் கணக்கு



இப்பகுதியில் இதுகாறும் நம் இல்லங்களின் வரவு செலவுகளையே பேசி வந்தோம். இத்திங்கள் சற்றுத் தொலைவு சென்று, அமெரிக்க ஐக்கிய நாடுகளில் படைப்பணி முடித்துக் கல்லூரிக்குப் படிக்கச் செல்லும் ஒருவருடைய வரவுக் கணக்கை எடுத்துக்கொள்வோம்.

அதனால் நமக்கென்ன பயன் என்று கேட்கலாம். மெட்ரிக்குலேஷனோடு படிப்பை நிறுத்திப் பிழைப்பை நாடி, மொழி தெரியாத ஊருக்கு ரயிலேறியவர்கள் நம்முள் பலர்; இதை எழுதுபவனும் அவர்களுள் ஒருவனே. கல்லூரிக் கட்டணத்துக்கு வழியில்லாமல் படிப்பு நின்றது என்று நாம் சொல்லிக்கொள்வதுண்டு. ஆழ்ந்து பார்த்தால் கட்டணம் பாதித் தடையே. படிக்கும் காலத்தில் வீட்டுக்கு அரிசி யார் வாங்குவது, வாடகையை யார் கொடுப்பது என்பதே மற்றப் பாதி. வயது வந்து, மணமுடித்து, மக்களைப் பெற்றவர்க்கு அதுவே பெரும்பாதி. இக்கேள்விக்கு ஒரு நாட்டுச் சர்க்கார் சட்டத்தின் வாயிலாக விடை கூற முயன்றது. அவ்விடையின் மதிப்பை எவ்வாறு அளப்பது என்பதே இத்திங்களின் பொருள்.

சட்டம் வந்த வகை

முதல் உலகப் போரிற் பணியாற்றிய அமெரிக்க வீரர்களுக்கு, 1924இல் இயற்றிய சட்டத்தின்படி ஒரு தொகை வாக்களிக்கப்பட்டது. ஆனால் அது 1945இல்தான் கைக்கு வரும் என்றார்கள். இடையிலே பெரும் பொருளாதார மந்தம் வந்தது. வேலையற்ற வீரர்கள் ஆயிரக்கணக்கில் 1932இல் வாஷிங்டன் நகரிலே குடிசையிட்டுத் தங்கி, பணத்தை உடனே தருமாறு கேட்டனர். அவர்களை அந்நாட்டுப் படையே விரட்டியது. நாட்டுக்காகப் போரிட்டவர்களுக்கு நேர்ந்த இந்த இழிவு மக்கள் மனத்தை விட்டு அகலவில்லை.

இரண்டாம் உலகப் போர் முடியுமுன்னரே, 1944 ஜூன் 22ஆம் நாள் ஜனாதிபதி ரூஸ்வெல்ட் ஒரு சட்டத்திற் கையொப்பமிட்டார். ‘ஜி.ஐ. பில்’ என்று மக்கள் வழங்கியது அதனையே. கல்விக் கட்டணம், புத்தகம் ஆகியவற்றுக்கு ஆண்டுக்கு 500 டாலர் வரை சர்க்கார் ஏற்றது. பிழைப்புக்கு மாதம் 50 டாலர். குடும்பத்தைத் தாங்குபவராயின் 75 டாலர். வீடு வாங்கும் கடனிற் பாதிக்கு, முதலில் 2,000 டாலர் வரையில், சர்க்காரே பிணை நின்றது.

படைவீரர் நுழைந்தாற் கல்லூரியின் தரம் தாழும் என்று அஞ்சிய கல்வியாளர்கள் இருந்தனர். நடந்ததோ வேறு. 1947இல் அமெரிக்கக் கல்லூரிகளிற் சேர்ந்தவர்களிற் பாதிக்குச் சற்றே குறைந்தோர் முன்னாள் வீரர். குடும்பத்தோடு வந்தவர்களைத் தங்கவைக்க இடமின்றிக் கல்லூரி வளாகங்களிலேயே தகரக் கொட்டகைகளும் வண்டி வீடுகளும் எழுந்தன. அச்சட்டத்தின் கல்விப் பகுதி 1956இல் முடிவுற்றபோது, 78 இலட்சம் பேர் ஏதேனும் ஒரு படிப்போ தொழிற்பயிற்சியோ பெற்றிருந்தனர். அவர்களுட் கல்லூரிக்குச் சென்றவர் 22 இலட்சம்.

ஒரு கறையையும் மறைத்தல் ஆகாது. சட்டத்தில் நிறபேதம் எழுதப்படவில்லை. ஆயினும் அதை நடத்தியவர்கள் உள்ளூர் வங்கிக்காரரும் உள்ளூர் அதிகாரிகளும் ஆவர். மிசிசிப்பி மாநில நகரங்களில் 1947இல் எடுத்த ஒரு கணக்கில், சர்க்கார் பிணையுடன் வழங்கிய 3,229 கடன்களிற் கறுப்பின வீரர்களுக்குக் கிட்டியவை இரண்டே. உரிமை தாளில் இருப்பது வேறு, கையிற் சேர்வது வேறு என்பதற்கு இதனினும் கொடிய சான்று வேண்டுவதில்லை.

இரண்டு பத்திகள்

1952இல், கொரியப் போர் வீரர்களுக்கென வந்த சட்டத்தில் முறை மாறியது. தனியாளுக்கு மாதம் 110 டாலர் என ஒரே தொகை கொடுத்து, கட்டணமும் சாப்பாடும் அதிலேயே அடங்கவேண்டும் என்றனர். முன்னைய சட்டத்தின்கீழ்ச் சில பள்ளிகள் சர்க்காரிடம் அளவுக்கு மீறிக் கட்டணம் பெற்றதே இதற்குக் காரணம். பள்ளியின் கொள்ளை நின்றது; ஆனால் கட்டணம் உயர உயர, வீட்டுக்கு மிஞ்சுவது குறைந்தது.

2008இல் இயற்றி, 2009 ஆகஸ்டு முதல் நடப்புக்கு வந்த சட்டம் இரண்டு செலவுகளையும் மீண்டும் இரண்டு பத்திகளாகப் பிரித்தது. 2001 செப்டம்பர் 10ஆம் நாளுக்குப் பின் பணியாற்றியவர்களுக்கு உரியது இது. கட்டணம் நேரே கல்லூரிக்குச் செல்கிறது. வீட்டுப்படி மாணவர் கைக்கு வருகிறது. புத்தகத்துக்கு ஆண்டுக்கு 1,000 டாலருக்கு மேற்படாமல் தனியே ஒரு தொகை உண்டு. மொத்த உரிமை 36 மாதம். ஒன்பது மாதக் கல்வியாண்டுகளாக எண்ணினால் நான்கு.

வீட்டுப்படியின் விதியை நம்மவர் எளிதில் விளங்கிக்கொள்வர். மும்பையிற் பணிபுரிவோர்க்கு ஒரு விகிதமும் நாக்பூரில் இருப்போர்க்கு அதனிற் குறைந்த விகிதமும் நம் வாடகைப்படியில் உண்டல்லவா? அங்கும் ஊரைப் பொறுத்தே படி. குடியிருக்கும் ஊர் அன்று, வகுப்பு நடக்கும் கல்லூரி இருக்கும் இடமே கணக்கு. ஆனால் ஒன்றில் நம் முறைக்கு மாறு: நமக்குச் சம்பளத்தில் இத்தனை விழுக்காடு என்று படி கிடைக்கிறது. அங்கோ, படையில் அவர் காப்டனாக இருந்தாலும் கடைநிலைச் சிப்பாயாக இருந்தாலும், குடும்பமுள்ள ஒரு சார்ஜெண்டுக்கு அவ்வூரிற் கிடைக்கும் படியே எல்லார்க்கும் அளவுகோல்.

கணக்கு

‘ஆற்றிலே போட்டாலும் அளந்து போடு’ என்பர் நம் பெரியோர். ஆற்றிலிருந்து எடுக்கும்போதும் அளந்தே எடுக்கவேண்டும். ஒரு வீரரை மனத்தில் அமைத்துக்கொள்வோம். மனைவியும் ஒரு குழந்தையும் உண்டு. பணி 30 மாதம். அவர் சேரும் கல்லூரியின் ஊருக்குரிய வீட்டுப்படி மாதம் 2,000 டாலர் என்று, கணக்கின் வசதிக்காக, வைத்துக்கொள்வோம். பலர் இவ்விடத்திலேயே பென்சிலைக் கீழே வைத்துவிடுவர். 2,000ஐ 12ஆற் பெருக்கி, ஆண்டுக்கு 24,000 டாலர் வரும், வீடு பார்க்கலாம் என்று கிளம்புவர். நாம் தொடர்ந்து செல்வோம்.

முதற்படி, பணிக்காலம். 36 மாதம் பணியாற்றியவர்க்கே நூற்றுக்கு நூறு. 30 மாதம் முதல் 36க்குள் 90 விழுக்காடு. 24 முதல் 80. 18 முதல் 70. 6 முதல் 60. 90 நாள் முதல் 50. பணியிற் காயமுற்று விடுவிக்கப்பட்டவராயின், 30 நாள் தொடர்ந்த பணியே முழு உரிமை தரும். நம் வீரர்க்கு 90 விழுக்காடு. எனவே 2,000 என்பது 1,800 ஆகிறது. கல்லூரிக் கட்டணத்திலும் பத்திலொரு பங்கை அவரே கட்டவேண்டியிருக்கும்.

இரண்டாம்படி, படிப்பின் அளவு. ஒரு பருவத்துக்கு 12 ‘கிரெடிட்’ என்னும் பாட அலகு எடுத்தால் முழுநேரம் என்று அக்கல்லூரியில் வழக்கம். நம் வீரர் மாலையிற் சிறு வேலை பார்ப்பதால் 9 அலகே எடுக்கிறார். இது முக்கால் பங்கு. விதிப்படி அருகிலுள்ள பத்துக்கு முழுமையாக்கி 80 விழுக்காடாகக் கொள்வர். 1,800இல் 80 விழுக்காடு 1,440 டாலர். இங்கே ஒரு பள்ளம் உண்டு. பாதிக்கு மேல் படித்தாலன்றி வீட்டுப்படியே கிடையாது. 7 அலகு எடுத்தவர்க்கு 60 விழுக்காடு. 6 எடுத்தவர்க்கு ஒரு செப்புக்காசும் இல்லை. பருவத்தின் நடுவில் ஒரு பாடத்தை விட்டுவிட்டால், முன்னரே பெற்ற பணத்தைத் திருப்பிக் கேட்கவும் கூடும். வகுப்புக்கே செல்லாமல் எல்லாப் பாடங்களையும் கணினி வழியே படித்தாலோ, ஊர்ப்படி அன்று, நாடு முழுமைக்கும் சராசரியிற் பாதியே அளவுகோல்.

மூன்றாம்படியே முக்கியமானது: மாதங்களை எண்ணுதல். வகுப்பு நடக்கும் நாளுக்குத்தான் படி. பருவங்களுக்கு இடைப்பட்ட விடுமுறைக்கு இல்லை. விடுமுறைக்கும் கொடுத்து வந்த வழக்கம் 2011 ஆகஸ்டோடு நின்றது. நம் வீரரின் முதற்பருவத்தில் செப்டம்பர், அக்டோபர், நவம்பர் முழுமாதங்கள். ஆகஸ்டின் இறுதியும் டிசம்பரின் தொடக்கமும் சேர்ந்து 20 நாள். இரண்டாம் பருவத்திற் பிப்ரவரி, மார்ச், ஏப்ரல் முழுமாதங்கள். ஜனவரியிலும் மேயிலும் சேர்ந்து 25 நாள். ஆக ஆறு மாதமும் 45 நாளும். அதாவது ஏழரை மாதம். 1,440ஐ ஏழரையாற் பெருக்கினால் 10,800 டாலர். புத்தகத்துக்கு அலகு ஒன்றுக்கு 41 டாலர் 67 சென்ட் வீதம் 18 அலகுக்கு 750; அதில் 90 விழுக்காடு 675.

இப்போது இரண்டு தொகைகளையும் அருகருகே வைத்துப் பாருங்கள். எதிர்பார்த்தது 24,000, வருவது 10,800. வீட்டுக்காரர் ஏழரை மாதத்துக்கு வீடு கொடுப்பதில்லை. ஓராண்டு ஒப்பந்தமே அங்குப் பெருவழக்கு. 10,800ஐ 12 மாதத்துக்குப் பரப்பினால் மாதம் 900 டாலர். ஆகவே 2,000 டாலர் என்று அட்டவணையிற் கண்டவர், 900 டாலருக்கு மேற்பட்ட வாடகையைத் தம் வேலையாலோ மனைவியின் சம்பாத்தியத்தாலோ ஈடுசெய்யவேண்டியவராகிறார்.

இன்னும் ஒன்று. படி மாத முடிவிலே, பின்னிட்டு வருவது. ஆகஸ்டு இறுதியிற் குடிபுகுபவர்க்குச் செப்டம்பரிற் கிடைப்பது சில நாட்களின் படியே. முதல் முழுமாதப் படி அக்டோபரில் வரும். முன்பணமும் முதல் வாடகையும் அதற்கு முன்னரே கொடுத்தாகவேண்டும். 2018இன் இறுதிப் பருவத்தில், புதிய விதிகளுக்கு ஏற்பக் கணினி ஏற்பாடுகள் ஆயத்தமாகாமல், பல மாணவர்க்குப் படி தாமதித்தும் தவறாகவும் வந்தது. வாடகைக்கு நின்ற வீட்டுக்காரர்க்கு அக்காரணம் போதுமானதாக இராது. ஆதலின் மூன்று மாத வாடகையைக் கையில் வைத்துக்கொண்டே கல்லூரிப் படியேறுதல் நலம்.

கோடையிலும் வகுப்பு எடுத்தால் அம்மாதங்களுக்கும் படி கிடைக்கும். ஆனால் 36 மாத உரிமை என்னும் பானையிலிருந்தே அதுவும் எடுக்கப்படுகிறது. விரைவிற் பட்டம் பெற எண்ணுபவர்க்கு அது நல்ல வழி. வாடகைக்காக மட்டும் வேண்டாத பாடத்தை எடுப்பவர், பட்டத்துக்கு முன்னரே பானையைக் காலி செய்துவிடுவார்.

நம் நாட்டில்

நம் சங்கத்துக் குடும்பங்களில் படையிலிருந்து ஓய்வுபெற்று, ரயில்வேயிலும் பிற இடங்களிலும் மறுபணி புரிவோர் உண்டு. அமெரிக்க ஏற்பாடு வீரரையே படிக்கவைத்து, அவர் குடியிருக்கவும் வழி செய்வது. குறித்த ஆண்டுகள் பணியாற்றி, மேலும் சில ஆண்டு பணிபுரிய இசைந்தவர், அவ்வுரிமையை மனைவிக்கோ மக்களுக்கோ மாற்றித் தரவும் அங்கு விதி உண்டு. நம் நாட்டில் நன்கு அறியப்பட்ட பிரதமர் உதவித்தொகை, முன்னாள் படைவீரரின் மக்களும் விதவையரும் தொழிற்கல்வி பயில்வதற்கு உரியது. 2019இல் அது பெண்களுக்கு மாதம் 3,000 ரூபாயாகவும் ஆண்களுக்கு 2,500 ரூபாயாகவும் உயர்த்தப்பட்டது. இதில் வீட்டு வாடகைக்கென்று தனிப் பத்தி இல்லை. மாதக் கணக்கிற் சொல்லப்பட்டாலும் ஆண்டுக்கு ஒரு முறையாக வருவது; விண்ணப்பித்தவர் எல்லார்க்கும் கிடைப்பதன்று; மதிப்பெண் தகுதியும் தேர்வும் உண்டு. ஆகவே வெளியூரில் விடுதியிற் சேர்க்கும் பிள்ளைக்கு ஜூலையிற் கட்டவேண்டிய பணத்தை இத்தொகையை நம்பித் தள்ளிவைத்தல் தகாது. வந்தபின் அதைப் பன்னிரண்டாகப் பிரித்து வைத்தல் தகும். விண்ணப்பிக்குமுன் அவ்வாண்டின் அறிவிப்பை மாவட்ட சைனிக் போர்டிற் கேட்டு, விதிகளை உறுதி செய்துகொள்ளுங்கள்.

எவ்வுதவியாயினும் மூன்று கேள்வி கேட்டல் போதும். அட்டவணைத் தொகையில் எனக்குரிய பங்கு எவ்வளவு? ஆண்டில் எத்தனை மாதத்துக்கு வரும்? முதற் பணம் எந்நாள் கையிற் சேரும்? இம்மூன்றுக்கும் விடையை ஒரு துண்டுக் காகிதத்தில் எழுதி, அதன்பின் வாடகை பேசப் புறப்படுங்கள். காகிதத்தை மனைவியும் ஒருமுறை பார்க்கட்டும். மாத இறுதியில் அரிசிப்பானையைத் திறந்து பார்ப்பவர் அவரே அன்றோ?