கூட நின்றவன் எல்லாம் கொலைகாரனா?

காசிமேட்டில் ஒரு வெட்டு விழுகிறது என்று வையுங்கள். எஃப்.ஐ.ஆரில் ஏழு பெயர் ஏறும். எட்டாவதாக "மற்றும் சிலர்" என்று ஒரு வரி வரும்.

யார் அந்த சிலர்? சத்தம் கேட்டு வலையைப் போட்டுவிட்டு ஓடி வந்தவனா? டீக்கடை வாசலில் வேடிக்கை பார்த்த பையனா? அப்புறம் பார்த்துக்கலாம் என்று விட்டால், ஒரு குடும்பம் வருஷக்கணக்கில் கோர்ட்டுப் படி ஏற வேண்டியதுதான்.

இதற்குப் பயன்படும் பிரிவு இந்தியத் தண்டனைச் சட்டம் 34. 1-7-2024 முதல் அது பாரதிய நியாய சன்ஹிதாவில் 3(5). நம்பர்தான் புதுசு, சரக்கு பழசு. பல பேர் பொது எண்ணத்தோடு ஒரு குற்றம் செய்தால், குத்தியவன் ஒருத்தனே ஆனாலும், எல்லோரும் குத்தியதாகத்தான் கணக்கு.

இந்தச் சட்டம் அநியாயம் என்று நான் சொல்ல வரவில்லை. 1923-ல் கல்கத்தா சங்கரிதோலா தபால் ஆபீசில் ஒரு கும்பல் பணம் கேட்டுச் சுட்டது. போஸ்ட் மாஸ்டர் செத்தார். துப்பாக்கியோடு பிடிபட்ட பரேந்திர குமார் கோஷ், "நான் வெளியே முற்றத்தில்தான் நின்றேன்" என்றார். லண்டன் பிரிவி கவுன்சில் ஒப்புக்கொள்ளவில்லை. காவலுக்கு நிற்பதும் அந்த வேலையில் ஒரு பங்குதான் என்று சொல்லி அப்பீலைத் தள்ளியது. நியாயமான தீர்ப்பு. தெருமுனையில் ஆள் வருகிறதா என்று பார்த்து விசில் அடிக்கிறவன் என்ன, புத்தனா?

ஆனால் மறுபக்கமும் இருக்கிறது.

நாணலால் வந்த வினை

1943 ஆகஸ்டு. சிந்து நதிக் கரை. அல்லா தாத் என்பவர் ஆட்களோடு படகில் போய் நாணல் வெட்டி வந்தார். நிலத்துக்காரர் தரப்பு இளைஞன் ஒருவன் மறித்தான். தகராறு. படகு தள்ளும் கழியால் அடி விழுந்தது. அடிபட்டவன் கூச்சல் போட, வலி ஷா, மகபூப் ஷா என்ற இரண்டு பேர் துப்பாக்கியோடு ஓடி வந்தார்கள். வலி ஷா சுட்டதில் அல்லா தாத் செத்தார். மகபூப் ஷா சுட்டது இன்னொருவரை, அவருக்குக் காயம்.

வலி ஷா தலைமறைவு. கையில் கிடைத்தவர் மகபூப் ஷா. கொலைக்கும் அவரே பொறுப்பு என்று லாகூர் ஹைகோர்ட்டு தூக்குத் தண்டனையை உறுதி செய்தது.

1945-ல் பிரிவி கவுன்சில் அந்தக் கொலைத் தண்டனையை ரத்து செய்தது. இரண்டு பேருக்கும் ஒரே மாதிரி எண்ணம் இருந்திருக்கலாம். அது பொது எண்ணம் ஆகாது. அடிபட்டவனைக் காப்பாற்றத்தான் இருவரும் வந்தார்கள். அல்லா தாத்தைக் கொல்வது என்று பேசி வைத்து வந்ததற்குச் சாட்சியம் எங்கே என்று கேட்டது. இன்னொருவரைச் சுட்டதற்கு மகபூப் பதில் சொல்ல வேண்டியது தனி விஷயம்.

நம்ம கடற்கரையில் வலை, படகு, மீன் ஏலம் என்று கிளம்பும் சண்டைகளில் இதே கதைதானே? "அண்ணனை அடிக்கிறான்" என்றதும் நாலு பேர் பாய்கிறார்கள். அதில் ஒருத்தன் இடுப்பில் கத்தி இருந்தது மற்ற மூணு பேருக்கும் தெரியுமா? அப்பீல் கோர்ட்டு கேட்பது அதைத்தான்.

அதற்காக மாசக்கணக்கில் திட்டம் போட்டிருக்க வேண்டும் என்றில்லை. திடீரென்று அந்த இடத்திலேயே எண்ணம் ஒன்றாகலாம் என்று 1954-ல் பாண்டுரங் வழக்கில் சுப்ரீம் கோர்ட்டே சொன்னது. ஆனால் நிரூபிக்க வேண்டும். மனசை யார் திறந்து பார்க்க முடியும்? நடந்ததை வைத்துத்தான் சொல்ல முடியும். சேர்ந்து வந்தார்களா, ஆயுதத்தோடு வந்தார்களா, "வெட்டுடா" என்றது யார், ஓடியவனை மறித்தது யார், கையைப் பிடித்தது யார்?

"எல்லோரும் சேர்ந்து தாக்கினார்கள்" என்று பத்து சாட்சியும் ஒரே வாக்கியத்தை ஒப்பித்தால் இதில் ஒன்றுகூட வெளியே வராது. அப்போது அப்பாவி மட்டும் மாட்டவில்லை. அசல் ஆளும் தப்புகிறான். 1963-ல் கிருஷ்ண கோவிந்த பாட்டீல் வழக்கில் அதுதான் நடந்தது. குற்றவாளிகள் என்று நிறுத்தப்பட்டவர்கள் நாலு பேர். மூணு பேர் விடுதலை. நாலாவது ஆளுக்கு மட்டும் 34-வது பிரிவில் ஹைகோர்ட்டு தண்டனை கொடுத்தது. கூட்டாளிகளே இல்லை என்று ஆன பிறகு இவன் யாரோடு பொது எண்ணம் வைத்தான் என்று சுப்ரீம் கோர்ட்டு அவரையும் விட்டது. செத்தவன் வீட்டுக்கு யார் பதில் சொல்வது?

கூட்டத்தில் அஞ்சு பேரோ அதற்கு மேலோ இருந்தால் பழைய 149, இப்போது 190, வரும். அங்கே கேள்வி "பொது நோக்கம்". அதிலும் வெறும் வேடிக்கைக்காரன் கூட்டத்தில் சேர்ந்தவன் ஆக மாட்டான்.

போலீசாருக்கு வேலை அதிகம், ஆள் குறைவு; ஒப்புக்கொள்கிறேன். ஆனால் முதல் ராத்திரியில் ஒவ்வொருத்தன் பெயருக்கு எதிரே அவன் என்ன செய்தான் என்று ஒரு வரி எழுத எவ்வளவு நேரமாகும்?

ஸ்டேஷனுக்குப் போகும் சொந்தக்காரர்களும் கோபத்தில் பங்காளி பெயரையெல்லாம் அடுக்காதீர்கள். பார்த்ததைச் சொல்லுங்கள். எழுதியதைப் படித்துக் காட்டச் சொல்லிவிட்டுக் கையெழுத்துப் போடுங்கள். புகார் கொடுத்தவருக்கு எஃப்.ஐ.ஆர். நகல் இலவசம்; கேட்டு வாங்கிக் கொண்டு வாருங்கள்.