திரை அசைந்த வண்டி

 

"ஊர் என்ன சொல்லும்?" என்ற ஒரு கேள்வி, நம் இல்லங்களில் எத்தனையோ நற்காரியங்களைத் தொடங்குமுன்பே முடித்து வைத்திருக்கிறது. மகளை மேற்கொண்டு படிக்க வைக்கலாமா என்று தாய் எண்ணும்போது அக்கேள்வி எழுகிறது. கணவனை இழந்த பெண் தன் கைத்தொழிலால் பிள்ளைகளைக் காக்க முனையும்போதும் அதுவே வந்து வாசலை மறிக்கிறது. அக்கேள்வியை ஆயுள் முழுவதும் கேட்டு, அதற்குக் கோபத்தால் அன்றிச் செயலால் விடை கூறிய ஒரு மாதரசியை இம்மாதம் உங்களுக்கு அறிமுகம் செய்ய விரும்புகிறேன். அவர் பேகம் ருகையா சகாவத் ஹுசைன். வங்க மக்கள் 'ரொகேயா' என்று உச்சரிப்பார்கள்.

இரவு விளக்கின் ஒளியில்

இன்றைய பங்களாதேஷின் ரங்பூர் மாவட்டத்தில் உள்ள பைராபந்த் என்னும் சிற்றூரில், ஒரு ஜமீன்தார் குடும்பத்தில் 1880ஆம் ஆண்டு ருகையா பிறந்தார். தந்தையார் பன்மொழி கற்றவர். ஆண்மக்களைக் கல்கத்தாவின் செயின்ட் சேவியர் கல்லூரிக்கு அனுப்பிப் படிக்க வைத்தார். பெண்மக்களுக்கோ திருக்குர்ஆனை ஓதக் கற்பித்ததும், சிறிதளவு உருதுவும் போதுமென்று கருதப்பட்டது. தாய்நாட்டு மொழியான வங்காளமும் ஆங்கிலமும் அவர்களுக்கு விலக்கப்பட்டிருந்தன.

அக்குடும்பத்தின் கோஷா முறை எத்தகையது தெரியுமா? ஐந்து வயது முதல் அந்நியப் பெண்களின் கண்ணிலும் படாமல் ஒளிய வேண்டியிருந்ததாக ருகையாவே எழுதியிருக்கிறார். அண்டை வீட்டுப் பெண்கள் வந்துவிட்டால் அடுக்களையிலும், பாய்ச்சுருளின் பின்னும், கட்டிலின் அடியிலும் அச்சிறுமி ஒளிந்து கொள்வாராம். பெண்ணைக் கண்டு பெண் ஒளியுமாறு மார்க்கம் எங்கே கட்டளையிட்டது? அது குலப்பெருமை வகுத்த சட்டம். மார்க்கத்தின் பெயரை அது இரவல் வாங்கிக் கொண்டது.

அவ்வீட்டில் இருவர் அவருக்குத் துணை நின்றனர். தமக்கை கரீமுன்னிஸா வங்காளம் பயிற்றினார். அண்ணன் இப்ராஹீம் சாபிர், பெரியவர்கள் உறங்கிய பின்னர் இரவில் விளக்கேற்றி வைத்து ஆங்கிலம் கற்பித்தார். பிற்காலத்தில் தாம் எழுதிய 'பத்மராக்' என்ற நாவலை அந்த அண்ணனுக்கே ருகையா காணிக்கையாக்கினார். ஒரு பெண் முன்னேறினாள் என்றால், அவளுக்காகத் தூக்கத்தைத் துறந்த ஓர் ஆணும் எங்கோ இருந்திருப்பான் என்பதை நம் இளைஞர்கள் நினைவிற் கொள்ள வேண்டும்.

சென்னையில் அச்சேறிய கனவு

இருபது வயது நிரம்புமுன் அவர் பீகாரின் பாகல்பூருக்கு மணமகளாகச் சென்றார். கணவர் சையித் சகாவத் ஹுசைன் துணை மாஜிஸ்திரேட், மனைவியை இழந்தவர், வயதில் மிக மூத்தவர். ஆயினும் பரந்த உள்ளம் படைத்தவர். மனைவி எழுதுவதை ஊக்குவித்தார்.

1905ஆம் ஆண்டு 'சுல்தானாவின் கனவு' என்ற கதையை ருகையா ஆங்கிலத்தில் எழுதினார். அதில் வரும் நாட்டில் ஆண்கள் வீட்டினுள் அடைந்திருக்கிறார்கள். பெண்கள் ஆட்சி புரிகிறார்கள். கதிரவனின் வெப்பத்தைச் சேமித்துச் சமைக்கிறார்கள். அவ்வெப்பத்தைக் கொண்டே படையெடுத்து வந்த பகைவரையும் விரட்டுகிறார்கள். வெளியூர் சென்று திரும்பிய கணவர், அதை நின்றபடியே படித்து முடித்து, ஆண்கள்மீது நன்றாகப் பழி தீர்த்துக் கொண்டாய் என்ற கருத்துப்பட வேடிக்கை பேசினாராம்.

அக்கதை முதன்முதலில் அச்சேறியது நம் சென்னையில்தான் என்பது நம்மில் பலர் அறியாத செய்தி. கமலா சத்தியநாதன் அம்மையார் இங்கிருந்து நடத்தி வந்த 'இந்தியன் லேடீஸ் மேகசின்' என்ற மாத இதழே அதை வெளியிட்டது.

ஐந்து மாணவியர்

1909ஆம் ஆண்டு மே மாதம் கணவர் காலமானார். பிறந்த இரு பெண் குழந்தைகளும் சிசுப் பருவத்திலேயே இறந்துவிட்டிருந்தன. முப்பது வயதுகூட நிரம்பாத கைம்பெண்! ஆனால் பெண்கள் பள்ளி ஒன்று தொடங்குவதற்கெனக் கணவர் 10,000 ரூபாய் ஒதுக்கி வைத்திருந்தார். அதே ஆண்டு அக்டோபரில், பாகல்பூரில் ஐந்து மாணவியருடன் பள்ளி தொடங்கிற்று. குடும்பச் சொத்து வழக்கால் அவ்வூரில் இருக்க இயலாது போகவே கல்கத்தா சென்று, 1911 மார்ச் 16இல், வலியுல்லா சந்தின் ஒரு வாடகை வீட்டில், எட்டு மாணவியருடன் மீண்டும் தொடங்கினார்.

ஒரு நாளேனும் பள்ளியில் அமர்ந்து படித்திராத பெண் பள்ளி நடத்துவது எங்ஙனம்? நகரில் நடந்து வந்த பிற பெண்கள் பள்ளிகளுக்குச் சென்று, வகுப்பு எவ்வாறு நடக்கிறது என்பதைப் பார்த்துக் கற்றுக் கொண்டார். வீடு வீடாகச் சென்று பெற்றோரிடம் பிள்ளைகளைக் கேட்டார். எங்கள் பெண் தெருவில் நடப்பதா என்று பெற்றோர் கேட்டனர். வண்டி அனுப்புகிறேன் என்றார் ருகையா.

அந்த வண்டியின் கதையை அவரே எழுதியிருக்கிறார். பள்ளிக்கென வந்த மோட்டார் வண்டி, கோஷாவுக்காக நாற்புறமும் அடைக்கப்பட்டிருந்தது. காற்றும் வெளிச்சமும் புகாத அந்த இருட்டறையில் பிள்ளைகள் வாந்தி எடுத்தனர், சிலர் மயங்கினர். வீடுகளிலிருந்து முறையீடு வந்தது. உடனே அடைப்பைத் திறந்து திரைச்சீலை தொங்கவிட்டார். இப்பொழுது வேறு கடிதங்கள் வந்தன! காற்றில் திரை அசைகிறது, பர்தா கெடுகிறது, மாற்றாவிட்டால் பத்திரிகைகளில் எழுதுவோம் என்று மிரட்டினர். மூடினாலும் பழி, திறந்தாலும் பழி. ஆயினும் பள்ளி நிற்கவில்லை.

எதில் விட்டுக் கொடுத்தார்?

சகோதரிகளே, இங்கேதான் நாம் ஊன்றிக் கவனிக்க வேண்டும். வழக்கத்தை மீறிய பெண் என்றவுடன், எல்லாவற்றையும் தூக்கி எறிந்தவள் என்று நாம் எண்ணி விடுகிறோம். ருகையா அவ்வாறு செய்தாரில்லை. வெளியே செல்லும்போது புர்கா அணிந்தார். பள்ளியில் குர்ஆன் ஓதுதலுக்கு இடமளித்தார். சமையலும் தையலும் நோயாளியைப் பேணுதலும் பாடங்களாயின. திரைச்சீலை விஷயத்தில் அவர் இணங்கிப் போனார். பாடத்தை நிறுத்துவதற்கு மட்டும் இணங்கவில்லை.

உடலை மறைக்கும் ஆடையையும் உயிரைப் பறிக்கும் அடைப்பையும் அவர் வேறுபடுத்திப் பார்த்தார். 1931இல் வெளிவந்த 'அபரோத்பாசினி' என்ற நூலில், அடைப்பின் கொடுமைக்கு உண்மைச் சம்பவங்களைத் தொகுத்தார். ஒரு வீட்டில் தீப்பிடித்தது. நகைகளை எடுத்துக் கொண்டு வெளியே வந்த இல்லத்தரசி, தீயணைக்கக் கூடிய அந்நிய ஆடவரை முற்றத்தில் கண்டு, மீண்டும் உள்ளே சென்று கட்டிலின் கீழ் ஒளிந்தார். அங்கேயே வெந்து மடிந்தார். உயிரைக் காப்பது கடமை என்று போதிக்கும் மார்க்கத்தைப் பின்பற்றுவோரிடையே இப்படியும் ஒரு மரணமா?

கல்வி தேடுதல் முஸ்லிமான ஒவ்வொருவர் மீதும் கடமை என்ற அறிவுரையை நாம் மேடைதோறும் கேட்கிறோம். அன்னை கதீஜா (ரலி) அவர்களின் வணிகத்தையும், அன்னை ஆயிஷா (ரலி) அவர்களிடம் சஹாபாக்களே வந்து மார்க்க விளக்கம் கேட்டதையும் மீலாது விழாக்களில் புகழ்கிறோம். விழா முடிந்து வீடு திரும்பியதும், குமராகிவிட்டாள் என்று மகளின் புத்தகப் பையை வாங்கி வைத்து விடுகிறோம். ருகையா மீறியது எதனை என்பது இப்போது விளங்குகிறதல்லவா?

1916இல் 'அஞ்சுமனே கவாத்தீனே இஸ்லாம்' என்ற மாதர் சங்கத்தை நிறுவி, ஏழைப் பெண்களுக்கு எழுத்தறிவும் கைத்தொழிலும் கிடைக்க உழைத்தார். 1932 டிசம்பர் 9ஆம் நாள் விடியற்காலையில் அவர் மறைந்தபோது, முந்திய இரவு எழுதிக் கொண்டிருந்த கட்டுரை மேசைமீது முற்றுப்பெறாமல் கிடந்தது. அதன் பொருள் பெண்ணின் உரிமை. அந்த எட்டு மாணவியரின் பள்ளி இன்று அரசுப் பெண்கள் உயர்நிலைப் பள்ளியாகக் கல்கத்தாவில் நடைபெற்று வருகிறது.

நம் மண்ணிலும் இத்தகையோர் இல்லாமலில்லை. மூன்றாம் வகுப்புவரையே படிக்க முடிந்த நாகூர் சித்தி ஜுனைதா பேகம், 1938இல் 'காதலா கடமையா' நாவலை வெளியிட்டார், உ.வே.சாமிநாதையர் அதற்கு முன்னுரை வழங்கினார்.

நம் வீட்டு வாசலில்

முடிவாக ஒன்று கேட்கிறேன். உங்கள் மகளின் படிப்பு நிற்கப் போகிறதென்றால், நிற்பதற்குக் காரணம் எது என்று பெயர் சொல்லிக் கேளுங்கள். "காலம் கெட்டுக் கிடக்கிறது" என்ற பொதுப்பேச்சை ஏற்காதீர்கள். தூரமா? நான்கு வீட்டுப் பெண்களைச் சேர்த்து ஓர் ஆட்டோவை மாத வாடகைக்குப் பேசலாம். ஜமாஅத் மனம் வைத்தால் ஒரு வேனே ஓடும். செலவா? திருமணத்திற்கென இப்போதே சேர்க்கும் நகையில் ஒரு வளையல் குறையட்டும். ஊர்ப்பேச்சா? திரையை மூடினாலும் திறந்தாலும் பேசிய ஊர் அது. அதன் வாயை அடைக்க வல்ல திரை எந்தக் கடையிலும் கிடைக்காது.

தாய்மார்களே, இவ்வேண்டுகோளை உங்கள் கணவரும் மகனும் காதாரக் கேட்கும்படி இன்றிரவே வாசித்துக் காட்டுங்கள். தங்கைக்காக விளக்கேற்றும் ஓர் அண்ணன் உங்கள் வீட்டிலும் இருக்கக்கூடும். வல்ல அல்லாஹ் நம் பெண்மக்களுக்குப் பயனுள்ள கல்வியை வழங்கி அருள்வானாக! ஆமீன்.